முதல் கிண்ணம்

ஏழாம் மேஜையிலிருந்த உப்புக் குடுவையை மகள் விளையாட்டாகக் கவிழ்த்துப் பார்த்தாள். உப்பு சரசரவென்று கொட்டி, மேஜைத் தூசியின் மேல் சின்னக் குவியலாக நின்றது. பரவாயில்லையே, இன்னும் நன்றாகத்தான் இருக்கிறது என்று சொல்லிவிட்டு அவள் கேமராவை எடுக்கத் திரும்பிவிட்டாள். அவள் அம்மாவால்தான் அந்தக் குவியலை விட்டுக் கண்ணை எடுக்க முடியவில்லை.

கடற்கரையில் உப்பு அப்படிக் கொட்டாது. இந்த ஊரில் ராத்திரி மூடி வைத்த உப்பு, காலையில் பார்த்தால் கசிந்து கட்டியாகியிருக்கும். பதினாலு மேஜைக் குடுவைகளையும் தினமும் தட்டில் கொட்டி, அடுப்போரமாக உலர்த்தி, பத்துப் பதினைந்து அரிசியைப் போட்டு மறுபடி நிரப்பி வைப்பதுதான் இந்த உணவகம் திறந்திருந்த காலத்தில் காலையில் நடக்கும் முதல் வேலை. அரிசி ஈரத்தைக் குடித்துக்கொள்ளும். இருபத்து நான்கு வருஷம் பூட்டிக் கிடந்த இடத்தில் உப்பு கல்லாகத்தான் கிடக்க வேண்டும். அம்மா குனிந்து பார்த்தாள். குவியலுக்குள் அரிசி இருந்தது. பழுப்பேறாத வெள்ளை அரிசி.

அந்த வேலையைச் செய்தவள் அவளுடைய தங்கை. இவள் அடுப்படியில் சமையல், தங்கை கூடத்தில் பரிமாறல். இருவரையும் பெரியவள், சின்னவள் என்றுதான் எல்லோரும் கூப்பிட்டார்கள். சின்னவள் செத்து இருபத்து நான்கு வருஷமாகிறது. பெரியவளுக்கு ஐம்பது தாண்டிவிட்டது, ஆனாலும் இந்தக் கதவுக்குள் கால் வைத்ததும் அவள் மறுபடி வெறும் பெரியவள்தான்.

அரிசியைப் பற்றி மகளிடம் வாயைத் திறக்கவில்லை. சொன்னால் ஒரு கேள்வி வரும், ஒன்று பத்தாகும். மகள் கேள்வி கேட்பதையே தொழிலாக வைத்துக்கொண்டவள். கடலோரத்துச் சமையலைப் பற்றியும் மூடிப்போன உணவகங்களைப் பற்றியும் புத்தகம் எழுதுகிறாள். ஒரு காலத்தில் கடற்கரைச் சாலையில் மட்டும் இருபத்திரண்டு இருந்தன. வாசலில் கப்பல் சக்கரத்தை மாட்டி வைத்த ஒன்று, பொரித்த மீனைக் காகிதத்தில் சுருட்டித் தந்த ஒன்று, சமையல்காரர் எழுந்து வந்து திட்டினாலும் மறுநாளும் அதே கூட்டம் அசடு வழிந்துகொண்டு வந்து உட்கார்ந்த ஒன்று. இப்போது அத்தனையும் தங்கும் விடுதிகள். மிச்சமிருப்பது இந்தக் கட்டிடம்தான், இதுவும் அடுத்த வாரம் இடிபடப் போகிறது. காவல்காரர் சாவியைக் கொடுத்துவிட்டு, ஆறு மணிக்குள் பூட்டிக் கொடுங்கள் என்று சொல்லி டீ குடிக்கப் போயிருந்தார். மணி நாலரை. சீசன் முடிந்து ஒரு மாதமாகிவிட்டதால் சாலையில் ஈ காக்கை இல்லை. வானம் கறுத்து, மழை இதோ அதோ என்று நின்றது. துருப்பிடித்துச் சிக்கிக்கொண்ட ஜன்னல் கதவுகளின் இடுக்கில் வந்த வெளிச்சம், ஏழாம் மேஜையைத் தாண்டி, கவிழ்த்து வைத்த நாற்காலிகளின் கால்களைத் தவிர வேறொன்றையும் காட்டவில்லை.

ஏழாம் மேஜையின் நாற்காலிகள் மட்டும் கவிழ்க்கப்படவில்லை. நாலும் இழுத்துப் போடப்பட்டு, உட்கார ஆள் வருகிற மாதிரி இருந்தன. மகள் ஒன்றைத் துடைத்து உட்கார்ந்து, நோட்டுப் புத்தகத்தை விரித்துக்கொண்டாள்.

பெரியவள் இங்கே வர ஆறு மாதமாக மறுத்துக்கொண்டிருந்தாள். முட்டி வலி, பஸ் பயணம் ஒத்துக்கொள்ளாது, பக்கத்து வீட்டுக் கல்யாணம் என்று தினுசு தினுசாகக் காரணம் சொல்லிப் பார்த்தாள். நீ வராவிட்டால் நான் தனியாகப் போகிறேன் என்று மகள் சொன்ன பிறகுதான் கிளம்பினாள். மகள் இந்த இடத்துக்குள் தனியாக நுழைவதை அவளால் நினைத்துப் பார்க்க முடியவில்லை. 

புத்தகத்தின் முதல் அத்தியாயமே இந்த உணவகம்தான். சிப்பிச் சூப்புக்குப் பேர்போன இடம். சிப்பியை வேகவைத்த தண்ணீரைத் துணியில் மூன்று தடவை வடிகட்டி, வெண்ணெயில் வதக்கிய வெங்காயத்தில் ஊற்றி, கடைசியில் மிளகு தட்டிப் போட வேண்டும். வாசனை சாலை வரைக்கும் போய் ஆளைக் கையைப் பிடித்து இழுத்து வரும். ஆனால் சிப்பியில் ஒரு வில்லங்கம் உண்டு. கடல் தண்ணீர் நிறம் மாறுகிற சில நாட்களில் அதற்குள் விஷம் ஏறிவிடும். வாசனை மாறாது, ருசி மாறாது, எவ்வளவு கொதிக்கவிட்டாலும் போகாது. சாப்பிட்டு அரை மணியில் உதடு மரத்துப் போகும், அப்போதுதான் தெரியும். அதற்காக முதலாளியம்மா ஒரு வழக்கம் வைத்திருந்தார். பானையிலிருந்து முதல் கிண்ணம் சமைத்தவளுக்கு. அவள் அதைக் குடித்து, சுவர்க் கடிகாரத்தில் அரை மணி பார்த்து, உதட்டைத் தேய்த்துப் பார்த்து, ஒன்றுமில்லை என்றால் அடுப்படிக்கும் கூடத்துக்கும் நடுவிலிருந்த பரிமாறும் ஜன்னலுக்குப் பக்கத்து ஆணியில் தொங்கும் மரக்கரண்டியைத் திருப்பி மாட்டுவாள். கரண்டியின் முதுகு தெரிந்தால் பொறுத்திரு. குழி தெரிந்தால் எடுத்துக்கொண்டு போ. அதைப் பார்க்காமல் சின்னவள் ஒரு கிண்ணத்தையும் தொட்டதில்லை.

கடைசி நாளின் கதை ஊருக்கே தெரியும். பெரியவள் முதல் கிண்ணத்தைக் குடித்தாள், அவளுக்கு ஒன்றும் ஆகவில்லை, கரண்டியைத் திருப்பினாள். அன்று பதின்மூன்று பேர் விழுந்தார்கள். அதில் நாலு பேர் எழுந்திருக்கவில்லை. ஏழாம் மேஜையில் கணவன், மனைவி, மனைவியின் அப்பா. அப்புறம், மதியக் கூட்டத்துக்கு நடுவில் நின்றவாக்கிலேயே ஒரு கிண்ணம் குடித்த சின்னவள். சில உடம்பு விஷத்தையும் தாங்கும் என்றார் டாக்டர். அப்போது பெரியவளின் வயிற்றில் மூன்று மாதம்.

அந்தச் சூப்பைக் குடித்து எதுவும் ஆகாதவர்கள் இரண்டே பேர், ஒன்று என் அம்மா, இன்னொன்று நான் என்று மகள் சிநேகிதிகளிடம் சொல்லிச் சிரிக்காத நாளில்லை. அத்தியாயத்தின் முதல் வரியும் அதுதான்.

"அந்தக் கரண்டி இன்னும் இருக்கும்ல?" என்றாள் மகள், தலை நிமிராமல். "எடுத்துட்டு வாயேன்மா. வெளிச்சம் போறதுக்குள்ள ஒரு படம் எடுத்துடறேன்."

பெரியவள் டீ ஃப்ளாஸ்க் இருந்த பையைத் தோளில் மாட்டியபடியே எழுந்தாள். மகளை எழுந்து போகச் சொல்லியிருக்கலாம். ஆனால் அந்த அடுப்படிக்குள் அவளை அனுப்ப மனம் வரவில்லை. ஆடும் கதவைத் தள்ளினாள். கீல் முனகவில்லை. நேற்றுத்தான் எண்ணெய் போட்ட மாதிரி சத்தமில்லாமல் திறந்து, அவளுக்குப் பின்னால் சத்தமில்லாமல் மூடிக்கொண்டது.

உள்ளே இருட்டு. எலிப்புழுக்கையும் பூஞ்சையும் நாறும் என்று மூச்சைப் பிடித்துக்கொண்டு வந்தவள், மூச்சை விட்டதும் முதலில் உணர்ந்தது வெண்ணெய் வாசனையை. அதற்கு அடியில் வெங்காயம், அதற்கும் அடியில் மிளகு, எல்லாவற்றுக்கும் அடியில், தொண்டைக்குழியில் வந்து உட்காருகிற, ஈரமும் உப்புமான சிப்பி வாசனை. பழைய சுவர்கள் வாசனையைக் குடித்து வைத்துக்கொள்ளும், மழைக்கு முன்னால் அதைக் கக்கும், அவ்வளவுதான் என்று அவள் தனக்குத்தானே சமாதானம் சொல்லிக்கொண்டாள்.  எங்கோ டிக் டிக் என்று சத்தம். குழாய் சொட்டுகிறது என்று நினைத்தாள். நிமிர்ந்தால் சுவர்க் கடிகாரம். பெண்டுலம் நிதானமாக ஆடிக்கொண்டிருந்தது.

அடுப்பு மேடையில் கையை ஊன்றி, உடனே எடுத்தாள். கல் வெதுவெதுப்பாக இருந்தது.

பெரிய பானை அதன் இடத்தில் இருந்தது. மூடி மெதுவாக எழும்பி எழும்பி அமர்ந்தது. அடியில் நெருப்பு இல்லை. மேடையின் மூலையில், சமையல்காரி சாப்பிட வைக்கும் இடத்தில், விளிம்பு உடைந்த ஒரு சின்னக் கிண்ணம். அவளுடையது. உடைத்ததும் அவள்தான். நிறைய ஊற்றி வைத்திருந்தது. ஆவி பறந்தது.

ஆணியில் கரண்டி. முதுகு தெரிந்தது.

பெரியவளின் வயிறு அன்றைக்குப் போலவே குமட்டியது. அன்று அது மசக்கை. சிப்பி என்று யாராவது வாயால் சொன்னாலே அடிவயிற்றிலிருந்து எழும்பிக்கொண்டு வரும். வயிற்றில் இருப்பது தெரிந்தால் அடுப்படியிலிருந்து அனுப்பிவிடுவார்கள், சீசன் நடுவில் வேலை போய்விடும் என்று பயந்து புருஷனைத் தவிர யாரிடமும் சொல்லவில்லை, தங்கையிடம்கூட. முதல் கிண்ணத்தை எடுத்துத் தொட்டியில் கொட்டுவாள். குழாயைத் திறந்துவிடுவாள். காலிக் கிண்ணத்தைக் கழுவி வைத்து, யோக்கியமாக அரை மணி கடிகாரத்தைப் பார்த்துக்கொண்டு நிற்பாள், அப்புறம் கரண்டியைத் திருப்புவாள். பதினோரு நாள் அப்படிச் செய்தாள். பதினோரு நாளும் ஒன்றும் ஆகவில்லை. பன்னிரண்டாவது நாள் சின்னவள் பரிமாறும் ஜன்னலில் முகத்தை வைத்து, புறங்கையால் கீழுதட்டைத் தேய்த்தபடி கேட்டாள், அக்கா, உதடு ஒரு மாதிரி மரத்துப் போன மாதிரி இருக்கே, நீ முதல் கிண்ணம் சாப்பிட்டல்ல என்று.

சாப்பிட்டாச்சு என்றாள் பெரியவள். எனக்கு ஒண்ணுமில்லையே.

சின்னவள் சிரித்துவிட்டு இன்னும் இரண்டு கிண்ணங்களைத் தூக்கிக்கொண்டு போனாள். உடனே ஆஸ்பத்திரிக்குப் போயிருந்தால் பிழைத்திருப்பாள் என்று டாக்டர் பின்னால் சொன்னார். விளக்கு வைக்கும் நேரத்துக்கு அவளால் மூச்சு இழுக்க முடியவில்லை.

அதற்கப்புறம் அதே வார்த்தையை டாக்டரிடம் சொன்னாள், போலீசிடம் சொன்னாள், கையைப் பிடித்துக்கொண்டு அழுத முதலாளியம்மாவிடம் சொன்னாள், பெற்ற அம்மாவிடம் சொன்னாள், கடைசியாகத் தன் மகளுக்கும் கதையாகச் சொன்னாள். சொல்லிச் சொல்லி அதற்கு இப்போது யோசனையே தேவைப்படுவதில்லை. பக்கத்து வீட்டுக்காரி சுவருக்கு மேலே எட்டி, சாப்பிட்டாச்சா என்று சும்மா கேட்டாலும் நாக்கு தானாகப் பதில் சொல்லி முடித்திருக்கும்.

டக் டக். டக்.

பரிமாறும் ஜன்னலின் மரப்பலகையை மறுபக்கத்திலிருந்து யாரோ விரல் முட்டியால் தட்டினார்கள். இரண்டு தட்டு, ஒரு இடைவெளி, ஒரு தட்டு. தயாரா என்று சின்னவள் கேட்கும் விதம் அது.

மகளாகத்தான் இருக்கும். மகளுக்கு அந்தத் தட்டல் எப்படித் தெரியும்? கதை சொன்னபோது சொல்லியிருப்போம். சொன்னோமா? பெரியவளுக்கு நினைவில்லை. கூடத்தில் மகள் எழுதிக்கொண்டே தனக்குள் ஏதோ முணுமுணுப்பது தூரத்தில் கேட்டது. ஏழாம் மேஜை ஜன்னலிலிருந்து பத்தடி தள்ளி இருக்கிறது.

டக் டக். டக்.

குடி, என்றது அந்த இடம். யாரும் பேசவில்லை, ஆனால் கிண்ணம் மேடை விளிம்புக்கு இன்னும் கொஞ்சம் நெருக்கமாக இருந்தது. குடித்துவிடலாம் என்றுகூட ஒரு கணம் நினைத்தாள். அன்று குடிக்காததை இன்று குடித்துவிட்டால் கணக்குத் தீர்ந்துவிடும். கிண்ணத்தைக் கையில் எடுத்தாள். சூடு விரலில் ஏறியது. வாய் வரை கொண்டுபோனாள். சிப்பி வாசனை மூக்கில் ஏறியதும் உதடு இறுக மூடிக்கொண்டது. உயிர் பயம். ஐம்பது வயதுக்கு மேல், தங்கையைக் கொன்றுவிட்டு, இன்னும் அவ்வளவு பயம். அவளுக்குத் தன் மேலேயே அருவருப்பாக இருந்தது. இருந்தும் உதடு திறக்கவில்லை.

திரும்பினாள். தொட்டி. கொட்டினாள். குழாயைத் திறந்தாள், வறண்டு கிடக்க வேண்டிய குழாயில் தண்ணீர் வந்தது. சாக்கடைத் துளை எல்லாவற்றையும் நிதானமாக விழுங்கி, கடைசியில் தொண்டையைக் கனைத்தது.

கிண்ணத்தைக் கழுவி வைத்தாள். கை பழகியபடி செய்தது.

டக் டக். டக். டக் டக். டக்.

வேகமாக. இன்னும் வேகமாக. பலகை நடுங்கியது. மேலே தொங்கிய அகப்பைகள் ஒன்றோடொன்று இடித்துக்கொண்டன. பானையின் மூடி துள்ளியது. அவள் காதைப் பொத்திக்கொண்டாள். காதுக்குள்ளும் தட்டியது. கடிகாரத்தைப் பார்த்தாள். நாலே முக்கால். இமைத்துவிட்டுப் பார்த்தாள். ஐந்தே கால். அரை மணி.

இந்தச் சத்தம் எப்படி நிற்கும் என்று அவளுக்குத் தெரியும். அன்றும் இப்படித்தான் கூடம் நிரம்பி, சாப்பிட வந்தவர்கள் மேஜையைத் தட்டிக்கொண்டே இருந்தார்கள். அன்றும் ஒரே ஒரு வழிதான் இருந்தது.

ஆணிக்குப் போனாள். கரண்டியைத் தொட்டாள். மரம் ஈரமாக இருந்தது.

திருப்பி மாட்டினாள்.

நிசப்தம்.

மூடி அமர்ந்தது. அகப்பைகள் நின்றன. ஜன்னல் பலகை கையகலத்துக்குத் தானாக விலகியது. அதன் விளிம்பில் பானையிலிருந்து ஊற்றிய ஒரு கிண்ணம் இருந்தது. அவள் ஊற்றவில்லை. மெலிந்த ஒரு கை வந்தது. மணிக்கட்டில் சிவப்புக் கயிறு. அதை முடிச்சுப் போட்டு விட்டது பெரியவள். கை கிண்ணத்தை எடுத்துக்கொண்டு போனது.

முடிந்தது என்று நினைத்தாள். போய்விட்டாள். வேண்டியது கிடைத்ததும் சின்னவள் போய்விட்டாள். மேடையில் சாய்ந்தாள்.

"அம்மா." கூடத்திலிருந்து மகளின் குரல். சந்தோஷமான குரல். "இதைத்தான் ஃப்ளாஸ்க்ல ஒளிச்சு வச்சிருந்தியா? குனிஞ்சு எழுதிட்டே இருந்தேன், நீ எப்ப வந்து வச்சேன்னே தெரியல. நல்ல ஆளுதான் போ. இத்தனை வருஷம் செஞ்சு குடுன்னு கெஞ்ச விட்டுட்டு."

பெரியவளின் தோளில் பை. பையில் ஃப்ளாஸ்க். அதில் வெறும் டீ.

ஜன்னல் இடுக்கில் முகத்தை வைத்தாள். ஏழாம் மேஜை. மகள். அவள் முன்னால் கிண்ணம். ஆவி. மற்ற மூன்று நாற்காலிகளும் காலியாக இல்லை. ஒரு ஆண். ஒரு பெண். ஒரு கிழவர். கைகளை மடியில் வைத்துக்கொண்டு, மரியாதையாக, மகளின் கரண்டியைப் பார்த்துக்கொண்டிருந்தார்கள். மகள் அவர்களைப் பார்க்கவில்லை. மகளின் நாற்காலிக்குப் பின்னால் ஏப்ரன் கட்டிய ஒருத்தி. கையில் தட்டு. மகளுடைய அதே மூக்கு. அதே வயது. உதடுகள் நீலம்.

சின்னவள் ஜன்னலைத்தான் பார்த்தாள். கோபம் இல்லை அந்த முகத்தில். காத்திருந்தாள். அவ்வளவுதான்.

மகள் கரண்டியைத் தோய்த்தாள். தூக்கினாள். வாய்க்கு அருகில் நிறுத்தி, ஜன்னல் பக்கம் திரும்பிச் சிரித்தாள்.

"இரு இரு. முறைப்படி கேக்கணும்ல. முதல் கிண்ணம் நீ சாப்பிட்டல்ல?"

குடிக்காதே. அந்தச் சொல் தொண்டையில் இருந்தது. கீழே வை. நான் சாப்பிடவில்லை. அன்றும் சாப்பிடவில்லை. ஒரு நாளும் சாப்பிடவில்லை. எல்லாம் அங்கேயே, நாக்குக்கு அடியிலேயே இருந்தது. பெரியவள் வாயைத் திறந்தாள்.

"சாப்பிட்டாச்சு," என்றது நாக்கு.

மகள் குடித்தாள். கண்ணை மூடித் தலையை ஆட்டினாள். இன்னொரு கரண்டி.

பெரியவள் பலகையை இரண்டு கையாலும் அறைந்தாள். மறுபடி வாயைத் திறந்தாள். மறுபடி அதே வார்த்தை. இன்னும் பலமாக. மறுபடி.

"கேட்டுச்சும்மா, கேட்டுச்சு," என்று மகள் சிரித்தாள்.

சின்னவள் தட்டைக் கீழே வைத்தாள். மேஜையில் குவிந்திருந்த உப்பில் ஒரு சிட்டிகை எடுத்து, மகளின் கிண்ணத்தில் தூவினாள். பிறகு நிமிர்ந்து, ஜன்னல் வழியாக, அக்காவின் தலைக்கு மேலே சுவரில் ஓடும் கடிகாரத்தைப் பார்த்துக்கொண்டு நின்றாள். மூன்று பேரும் அதையே பார்த்தார்கள்.

கிண்ணம் காலியானது. மகள் கரண்டியை வைத்துவிட்டு நோட்டுப் புத்தகத்தைப் பக்கத்தில் இழுத்தாள். பேனாவை எடுத்தாள். எழுதப் போனவள் நிறுத்தினாள். புறங்கையால் கீழுதட்டை ஒரு தடவை தேய்த்துப் பார்த்தாள்.